மாயாவின் ஆறு பெட்டிகள்

2025 மே 8, வியாழன்

முதலில் ஒரு தப்பை எழுதிவிடுகிறேன். எட்டாவது பெட்டிக்கான படிவத்தில் 'பெறுபவர்' என்ற இடத்தை, ஏழாவது படிவத்தைப் பார்த்து அப்படியே நிரப்பிவிட்டேன். சின்னம்மா மகள் மாயாவின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் அவள் அப்பா எல்மர் சித்தப்பாவின் கட்சி அலுவலகம் இருக்கிறது. மாலை வகுப்பில் நான் படிப்பதே சரக்கு ஆவணங்கள்தான். பழைய படிவத்தைப் பார்த்து எழுதாதீர்கள் என்பது அங்கே சொல்லிக்கொடுத்த முதல் பாடம். சின்னத் தப்பு, வேறு படிவம் எழுதிக்கொள்ளலாம் என்று நேற்று நினைத்தேன். இன்று காலை ஆறே காலுக்கு அது சின்னத் தப்பு இல்லை என்று தெரிந்துவிட்டது.

வரிசையாக எழுதப் பார்க்கிறேன்.

அபுதாபி முசஃபாவில் எங்கள் வீட்டு ஹாலில் மூன்று மாதமாக ஒரு பெரிய அட்டைப்பெட்டி இருக்கிறது. பிலிப்பைன்ஸ்காரர்கள் ஊருக்குக் கப்பலில் அனுப்புகிற பெட்டி. கிடைக்கும்போதெல்லாம் ஒவ்வொரு சாமானாக வாங்கிப் போட்டு, இடைவெளியே இல்லாமல் நிரப்பி, ஆறு பக்கமும் டேப் ஒட்டி அனுப்புவார்கள். விஜி சின்னம்மா அவர்கள் வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டவர் என்பதால் இந்தப் பழக்கமும் சேர்ந்து வந்துவிட்டது. அம்மாவின் தங்கை அவர். ஆஸ்பத்திரியில் நர்ஸ். நாலு வருஷமாக எங்களோடுதான் இருக்கிறார்.

இன்று காலை அப்பா கேரேஜுக்குக் கிளம்பும்போது பெட்டியில் இடித்துக்கொண்டார்.

"ஏம்மா விஜி, இது எப்பத்தான் கெளம்பும்?"

"இந்த வாரம் போயிரும் அத்தான்."

"போறதெல்லாம் நல்லாத்தான் போகுது. அங்கருந்து என்ன வருது? பெத்த புள்ள ஒரு ஃபோன் பண்ணுதா?"

அடுக்களையிலிருந்து அம்மா, "காலங்காத்தால ஆரம்பிக்காதீங்க. டூட்டிக்குப் போற வழியப் பாருங்க" என்றார்.

சின்னம்மா ஒரு ஜோடி ஷூவுக்குள் சாக்ஸைச் சுருட்டித் திணித்துக்கொண்டிருந்தார்.

எல்மர் சித்தப்பா அபுதாபியில் ஒரு ஹோட்டலில் பதினோரு வருஷம் பாடினார். மெதுவான காதல் பாட்டுகள். தொண்டை கெட்டு ஆஸ்பத்திரிக்கு வந்தவரைப் பத்து நாள் வாயைத் திறக்கக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். அந்தப் பத்து நாளும் அவர் பேசியதெல்லாம் காகிதத்தில் எழுதித்தான். அதைப் படித்துப் பதில் சொன்ன நர்ஸ் சின்னம்மா. கல்யாணத்துக்கு எங்கள் பக்கத்திலிருந்து யாரும் போகவில்லை. மாயா பிறந்த பிறகுதான் அப்பா போய்ப் பார்த்தார். பேரை இரண்டு ஊர்க்காரர்களும் சொல்ல முடியும் என்பதில் அவருக்குக் கொஞ்சம் சமாதானம்.

2021-இல் பிலிப்பைன்ஸில் சித்தப்பாவின் மாகாணத்தில் ஒரு கட்சி அவரைக் கூப்பிட்டது. அவர் பாடினால் கூட்டம் சேரும். ஒன்பது வயது மாயாவை அழைத்துக்கொண்டு போனார். ஆறு மாதத்தில் சின்னம்மாவும் போவதாகப் பேச்சு. அடுத்த வருஷமே மாகாண சபைக்கு ஜெயித்துவிட்டார். வரும் திங்கட்கிழமை துணை ஆளுநர் தேர்தலில் நிற்கிறார். சின்னம்மா இங்கேயே இருக்கிறார். ஒவ்வொரு வருஷமும் லீவு கிடைத்தது. ஒவ்வொரு வருஷமும், "எதிர்க்கட்சிக்காரன் வெளிநாட்டுப் பொண்டாட்டின்னு பேசறான், கொஞ்சம் பொறு விஜி" என்று அங்கிருந்து வந்தது. மாயாவிடம் சின்னம்மா சொன்னது, லீவு கொடுக்கவில்லை என்று. பதினான்கு மாதத்துக்கு முன்னால் மாயா, "உங்களுக்கு வார்டுல இருக்கறவங்கதான் புள்ளைங்க" என்று சொல்லி ஃபோனை வைத்தாள். அதன்பிறகு பேசவில்லை.

இன்று காலை ஆறே காலுக்கு சின்னம்மாவின் ஃபோனில் சித்தப்பாவின் பிரசாரக் கூட்டம் நேரலையில் ஓடியது. அங்கே பத்தே கால் மணி, ஒரு சந்தைத் திடல். ஒரு பாட்டு பாடி முடித்தார். குரல் கரகரத்தது. பிறகு மேடைக்கு வந்த வயதானவர்களுக்கு ஏதேதோ பொருள்கள் கொடுத்தார்கள். ஒரு அம்மாள் நீல டப்பா ஒன்றை இரண்டு கையாலும் தூக்கிக் காட்டினார். மூடியில் சித்தப்பாவுக்குப் படிக்கத் தெரியாத தமிழ் எழுத்து. என் கையெழுத்து. 'மாயாவுக்கு மட்டும்.'

சின்னம்மா ஃபோனைக் கவிழ்த்து வைத்தார். "அந்தம்மாவுக்குப் பல்லே இல்லையே... கடலைமிட்டாய எப்படிக் கடிப்பாங்க" என்றார்.

வாசலில் நின்ற அப்பாவுக்கு முகம் சிவந்துவிட்டது. "போடு ஃபோன. பாட்டுக்காரன்கிட்ட நான் பேசறேன். புள்ளைக்கு அனுப்புனத ஊருக்கு வாரி விட்டு ஓட்டு வாங்குறானா?"

"வேணாம் அத்தான். திங்கக்கிழமை ஓட்டு."

உள்ளே போய் என் கோப்பை எடுத்துவந்தேன். ஏழு படிவங்களின் நகல்கள். ஒவ்வொன்றிலும் சாமான் பட்டியல், ஒவ்வொன்றிலும் பெறுபவர் கட்சி அலுவலகம்.

முதல் பெட்டி உண்மையிலேயே அலுவலகத்துக்குத்தான். பிரசாரத்துக்கு ஓடியாடியவர்களுக்குத் துண்டும் சோப்பும் சின்னம்மா அனுப்பியது. அதன்பிறகு போன ஆறும் மாயாவுக்கு. நான் முதல் படிவத்தைப் பார்த்து இரண்டாவதை எழுதினேன். இரண்டாவதைப் பார்த்து மூன்றாவதை.

"ஆறுமா?" என்றார் சின்னம்மா.

"ஆறும் சின்னம்மா."

அவர் அந்தப் பெட்டிமேலேயே உட்கார்ந்துவிட்டார். திட்டுவார் என்று நின்றேன்.

"கீழ கையெழுத்துப் போட்டது நான்தானே சந்தியா. ஒருக்கா படிச்சுப் பாத்தனா?"

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

அம்மா விடவில்லை. "பெட்டி வந்துச்சான்னு நீ அவருகிட்ட கேக்கவே இல்லையாடி?"

"கேட்டேன்க்கா. வந்துச்சு, எல்லாருக்கும் சந்தோஷம்னாரு. எல்லாருமுன்னா மாயாவும் அவரு அம்மாவும்னு நெனச்சேன்... நான் அனுப்புன பாவாடை புடிச்சிருந்தா அவளே சொல்லுவான்னு காத்துக்கிட்டு இருந்தேன்."

"சரி, பெட்டிய அவரு அறியாமச் செஞ்சாரு. லீவு? கெடச்ச லீவுக்குப் போகாதது யாரு சொல்லி? அதையாவது புள்ளகிட்ட சொன்னியா?"

"அவளுக்குப் பக்கத்துல இருக்கறது அவரு ஒருத்தர்தான். அவரையும் வெறுக்க வச்சிட்டா அவ யாருகிட்டக்கா போவா?"

அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். சின்னம்மா எழுந்து யூனிஃபார்மை நேராக்கிக்கொண்டார். "திங்கக்கிழமை வரைக்கும் யாரும் எதுவும் பேசக் கூடாது. மாயாகிட்டயும்தான். என்னால அவரு தோத்தாருன்னு ஒரு பேச்சு வரக் கூடாது."

பகல் முழுக்க யோசித்தேன். சொல்லாமல் இருந்தால் அது சின்னம்மாவின் பொறுமை. ஆனால் தப்பு என்னுடையது. என் தப்பை அவர் பொறுமைக்குள் ஒளித்து வைப்பது நியாயமா? அதே சமயம் இதனால் அங்கே தேர்தலே கெட்டுப்போனால்? மாயா இன்னும் கோபப்பட்டால்? நான்கு மணிக்கு ஆறு படிவங்களையும் படம் பிடித்து மாயாவுக்கு அனுப்பினேன். 'இதெல்லாம் உனக்கு. விலாசம் தப்பாக எழுதியது நான். சந்தியா அக்கா.' லீவு பற்றி எதுவும் எழுதவில்லை. அதைச் சொல்ல எனக்கு உரிமை இல்லை. நாலே முக்காலுக்கு, படித்துவிட்டாள் என்பதற்கான நீலக் குறி விழுந்தது. பதில் இல்லை. வகுப்பில் எதுவும் மண்டையில் ஏறவில்லை.

2025 மே 9, வெள்ளி

காலையிலும் பதில் இல்லை. டீ குடிக்கும்போது சின்னம்மாவிடம் சொல்லிவிட்டேன்.

"அனுப்பிட்டேன் சின்னம்மா. மாயாவுக்கு. ஆறு படிவமும்."

தம்ளரைக் கீழே வைத்தார். "படிச்சாளா?"

"படிச்சிட்டா. நேத்து நாலே முக்காலுக்கு."

விரல்விட்டு மணியை எண்ணினார். பதினாலு மணி நேரம். "படிச்சும் பேசலையா" என்று மட்டும் கேட்டார். அதன்பிறகு என் பக்கம் திரும்பவே இல்லை. மத்தியான டூட்டி என்பதால் வீட்டில்தான் இருந்தார். ஹாலைக் கூட்டினார். கூட்டிய இடத்தையே மறுபடியும் கூட்டினார்.

பதினோரு மணிக்கு போட்டிம் செயலியில் வீடியோ அழைப்பு வந்தது. அப்பா வெள்ளிக்கிழமை அரை நாள் வேலை முடித்து வந்து சாப்பிட உட்கார்ந்திருந்தார். சின்னம்மா ஃபோனை எடுக்காமல் பார்த்துக்கொண்டே நின்றார்.

"எடு விஜி" என்றார் அப்பா, மெதுவாக.

மாயா. முகம் நீண்டு, உயர்ந்து, ஒரு நிமிஷம் யாரோ போல இருந்தாள். கையில் ஒரு காகிதம். படிவங்களைப் பார்த்து எழுதி வைத்திருந்தாள்.

"மஞ்சப் பாவாடை. பாக்ஸ் நம்பர் த்ரீ. அது எனக்கா?"

"உனக்குத்தான்."

"கலர் பென்சில் செட்?"

"உனக்குத்தான் கண்ணு."

"எல்லா பாக்ஸ்லயும் ஷூ இருக்கு. தர்ட்டி ஒன், தர்ட்டி டூ, தர்ட்டி த்ரீ... நான் உங்களுக்கு சைஸ் சொல்லவே இல்ல. யார் சொன்னாங்க?"

"யாரும் சொல்லல. உன் வயசுப் புள்ளைங்க வார்டுக்கு வந்தா... காலப் பாத்துக்குவேன்."

மாயா காகிதத்தால் முகத்தை மூடிக்கொண்டாள். தோள் குலுங்குவது மட்டும் தெரிந்தது. சின்னம்மா ஃபோனை நெஞ்சோடு சேர்த்துக்கொண்டார். அதிலிருந்து அவள் அழுகைச் சத்தம் வந்தது. சட்டென்று விலக்கித் திரையைப் பார்த்தார், அவள் போய்விடுவாளோ என்கிற மாதிரி.

"நீங்க லை பண்ணிட்டீங்கம்மா. லீவு இருந்துச்சு. அப்பாகிட்ட இந்தப் பேப்பரக் காட்டி நைட்டெல்லாம் சண்ட போட்டேன். காலைல அப்பாவே சொன்னாங்க, நான்தான் வர வேணாம்னு சொன்னேன்னு. ஏன்மா என்கிட்ட சொல்லல? நான் உங்கள அவ்ளோ பேசினேன்..."

"பேசினா என்ன? பேசறதுக்குத்தானே அம்மா."

சித்தப்பா மாயாவின் பின்னால் வந்து நின்றார். வாயைத் திறந்தார். காற்றுதான் வந்தது.

"விஜி... தப்பு... என் தப்பு. இன்னைக்கு மேடையில சொல்லிடறேன்..."

சின்னம்மா குறுக்கே பேசினார். அந்தக் குரலை நான் கேட்டதில்லை. வார்டில் பேசுகிற குரலாக இருக்கும். "பேசாதீங்க. தொண்ட போயிருச்சு. அப்புறம், மேடையில வேணாம். என்னைப் பாட்டாக்கிக் கூட்டத்துல பாடாதீங்க. வரச் சொல்லணும்னா எங்கிட்டச் சொல்லுங்க."

சித்தப்பா அங்கும் இங்கும் தேடினார். தன் படம் போட்ட போஸ்டர் ஒன்றை உருவிப் பின்பக்கம் பேனாவால் எழுதி, கேமராவுக்கு நேராகப் பிடித்தார். கோணல்மாணலான ஆங்கில எழுத்து. 'வீட்டுக்கு வா. வாசலில் நான் நிற்பேன். எல்லோரும் பார்க்கட்டும்.'

"ஓட்டு?" என்றார் சின்னம்மா.

அவர் மறுபடி எழுதினார். 'தெரியாது.'

அப்பா சோற்றுக் கையோடு எட்டிப் பார்த்து, "பாட்டுக்காரன் கையெழுத்து கேவலமா இருக்கு" என்றார். அம்மா அழுதுகொண்டே சிரித்தார்.

வைப்பதற்கு முன்னால் சின்னம்மா கேட்டார், "இப்ப உன் சைஸ் என்ன கண்ணு?"

"தர்ட்டி நைன்."

"அம்மாடி" என்றார். பெட்டியில் இருப்பது முப்பத்தேழு.

ஜூன் லீவுக்கு எழுதிக்கொடுத்துவிட்டு வருகிறேன் என்று டூட்டிக்குப் போனார். வாசலில் என் கன்னத்தை ஒரு தட்டுத் தட்டினார். அது கோபமா இல்லையா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. திங்கட்கிழமை என்ன ஆகும் என்றும் தெரியவில்லை. பெட்டி இனிக் கப்பலில் போக வேண்டாம், சூட்கேசில் வைக்கிற அளவுக்கு வைத்துக்கொள்வாராம்.

நாளைய வேலை: காலை பத்து மணிக்குக் கடைக்குப் போய் ஷூவை மாற்றுவது. கறுப்பு, 39. பில் கோப்பின் கடைசிப் பக்கத்தில் இருக்கிறது. வாங்கியதும் அடியில் அச்சிட்ட எண்ணைப் பார்க்க வேண்டும், பெட்டியின்மேல் இருப்பதை மட்டும் நம்பக் கூடாது.