அவள் நிறுத்திய பக்கம்

"அந்தப் புக்கு… கிடைக்குமா?"

ஜெயபாரதி நிமிர்ந்து பார்த்தாள். வாசலில் ஒருவன். மழை அவன் முடியிலிருந்து நெற்றிக்கும், நெற்றியிலிருந்து மூக்கு நுனிக்கும் இறங்கிக்கொண்டிருந்தது. அவன் கை காட்டியது அலமாரியை அல்ல. அவள் விரித்து வைத்துச் சிரித்துக்கொண்டிருந்த கவிதைத் தொகுப்பை.

மேற்கு மாம்பலத்தில் மழை என்றால் இரண்டு மழை. மேலேயிருந்து ஒன்று, தெருவிலிருந்து ஒன்று. தண்ணீர் படி ஏறுவதற்குள் கீழ்த் தட்டிலிருந்த குழந்தைகள் கலைக்களஞ்சியங்களைத் தூக்கி மேலே வைத்துவிட்டு, இடுப்பு வலியோடு அப்போதுதான் உட்கார்ந்திருந்தாள். நாலைந்து கவிதை படித்திருப்பாள். அதற்குள் இவன்.

"உள்ள இவ்வளவு புக்கு இருக்கே. இதுதான் வேணுமா?"

"ஆமாங்க… இதுதான்."

எரிச்சலாக வந்தது. ஆனால் அந்த வாடகை நூலகத்தில் அப்பா வைத்துவிட்டுப் போன சட்டம் ஒன்று உண்டு. கல்லாவில் இருப்பவர் படிக்கிற புத்தகமாகவே இருந்தாலும், உறுப்பினர் கேட்டால் கொடுத்துவிட வேண்டும். அப்பா போய்விட்டார், சட்டம் போகவில்லை. அதனாலேயே ஜெயபாரதி முழுதாக முடித்த புத்தகங்கள் குறைவு. கதாநாயகிக்குக் கல்யாணம் நடந்ததா இல்லையா என்பதைப் பெரும்பாலும் புத்தகத்தைத் திருப்பித் தருகிறவர்களிடம் கேட்டுத்தான் தெரிந்துகொள்வாள்.

தினசரிக் காலண்டரில் கிழித்த தாளைப் படித்த இடத்தில் செருகி மூடினாள்.

"பேரு?"

"மாணிக்கவாசகம்."

முப்பதுகூட ஆகாத முகம். யாரோ பெரியவருடைய சட்டையை மாட்டிக்கொண்டு வந்ததுபோல் அந்தப் பெயர் அவன்மேல் தொளதொளவென்று இருந்தது. அவளுக்குச் சிரிப்பு வந்தது. அவனும் சிரித்தான். பெரிய கண்கள்… மழை ஈரம் இமையில் நின்றது. ஏதோ சொல்ல வந்துவிட்டுச் சொல்லாமலே திரும்பிக்கொண்ட கண்கள். இப்படிப்பட்ட கண்களை நம்பவே கூடாது என்று அவள் அப்போதே முடிவு செய்துவிட்டாள்.

இரண்டே நாளில் புத்தகம் திரும்பி வந்தது. அவள் கையில் அப்போது ஒரு துப்பறியும் நாவல். கும்பகோணத்துப் பாத்திரக்கடைக்காரர் கொலை செய்யப்பட்டிருக்கிறார், வீட்டில் சமையல்காரர்வரை எல்லோர்மேலும் சந்தேகம், கதை சூடு பிடிக்கிற இடம்…

"அந்தப் புக்கு கிடைக்குமா?"

அடுத்த முறை, பாலம் கட்டிய ஒரு என்ஜினியரின் வாழ்க்கை வரலாறு. அதையும் கையிலிருந்தே வாங்கிக்கொண்டு போனான்.

எதிர்க்கடையில் ஜாக்கெட் தைக்கும் புஷ்பம் அக்கா இதையெல்லாம் கவனிக்காமல் இருப்பாரா?

"இன்னா பாரதி, அந்த ஆளு சும்மா சும்மா வந்துகினு போறான்?"

"எனக்கே புரியல அக்கா. நான் எதைப் படிக்கிறேனோ அதையே கேக்கறான். எனக்கென்னவோ திருட்டு முழி மாதிரி தெரியுது."

"திருட்டு முழி இவ்ளோ லட்சணமாவா கீது?"

"சும்மா இரு அக்கா."

ஆனாலும் அவளால் சும்மா இருக்க முடியவில்லை. ஒரு மனிதருக்கு ஒரு ருசி இருக்கும். கொலைக்கதை கேட்பவர் கவிதைப் பக்கம் தலைவைத்துப் படுக்க மாட்டார். வாழ்க்கை வரலாறு கேட்பவருக்கு நாவல் என்றாலே பொய்மூட்டை. இவன் மட்டும் எல்லாவற்றையும் எடுத்துப் போகிறான்… அப்படியென்றால் இவனுக்கு வேண்டியது புத்தகமே இல்லை. வேறு என்ன?

சோதித்துப் பார்க்கக் குழந்தைகள் கலைக்களஞ்சியத்தில் கடல் பகுதியை எடுத்து வைத்துக்கொண்டாள். பக்கத்துக்குப் பக்கம் திமிங்கிலம். வந்தான். பார்த்தான். தயங்கினான்.

"அந்தப் புக்கு…"

"வீட்டுல குழந்தைங்க இருக்காங்களா?"

"இல்லைங்க. எனக்கு இன்னும் கல்யாணமே ஆகல."

"நான் அதைக் கேக்கல."

அவன் காது சிவந்துபோனது. அவள் விடவில்லை.

"அந்தக் கும்பகோணத்து நாவல் எப்படி இருந்துச்சு?"

"ரொம்ப நல்லா இருந்துச்சுங்க."

"கொலை பண்ணது யாரு?"

அவன் அலமாரிப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"அது… தெரியலியே."

கொலைகாரன் யாரென்று தெரிந்துகொள்ளாமல் ஒருவன் துப்பறியும் நாவலைத் திருப்பித் தருவானா? அதோடு அந்த "தெரியலியே"… அது மாம்பலத்து இழுப்பே இல்லை. பதற்றத்தில் வெளியே எட்டிப்பார்த்த திருநெல்வேலி.

அவன் போனதும் அந்த நாவலை எடுத்துப் புரட்டினாள். ஓர் அட்டை விழுந்தது. புடவையில் நூல் கட்டித் தொங்கவிடுவார்களே, அந்த மாதிரி. மெரூன் அட்டை, பொன்னிற எழுத்து. 'ஆவுடையம்மாள் சில்க்ஸ், தி.நகர்.'

அட்டையைப் பார்த்ததும் புஷ்பம் அக்காவின் முகம் மாறியது.

"கண்ணு… உன் பில்டிங்க வாங்கினது இவங்கதான். மாடியில இருந்த டியூஷன் சென்டர காலி பண்ணிட்டாங்க இல்ல? கீழயும் சேத்து குடோன் போடப்போறாங்களாம். அவங்க வூட்டுப் புள்ளதான் வந்து சொல்றானாம்."

கட்டடம் கைமாறியது ஜெயபாரதிக்குத் தெரியும். யார் கைக்கு என்றுதான் தெரியாது. இந்த நூலகம் போனால் அவளுக்கு வேறு எதுவும் இல்லை. அப்பா விட்டுப்போன அலமாரிகளையும் அவற்றைத் தேடி வருகிற மனிதர்களையும் தவிர, இந்த ஊரில் அவளுடையது என்று சொல்லிக்கொள்ள என்ன இருக்கிறது?

திமிங்கிலத்தைத் திருப்பித் தர அவன் வந்தபோது அவள் கையில் புத்தகம் இல்லை. அட்டைதான் இருந்தது.

"நீங்க இந்தக் கடைக்காரங்க வீட்டுப் பையனா?"

"ஆமா."

"என்னைக் காலி பண்ணச் சொல்லத்தான் வந்தீங்களா?"

இல்லை என்று சொல்லிவிடேன்… என்று மனது அடித்துக்கொண்டது. பொய்யாக இருந்தால்கூடப் பரவாயில்லை.

"ஆமாங்க. மொத நாளே அதுக்குத்தான் வந்தேன்."

"அப்ப அன்னைக்கே சொல்லியிருக்கலாமே. தினம் வந்து வேவு பாக்கணுமா?"

"வேவு இல்லைங்க. சொல்லத்தான் வருவேன்… வாய் வராது. புக்கைக் கேட்டுட்டுப் போயிருவேன்."

"படிக்காத புக்கு."

அவன் முதல்முறையாக நேராகப் பார்த்தான். "படிச்சேன். நான் படிக்க வேண்டிய அளவு படிச்சேன்."

"உங்க மெம்பர்ஷிப் கேன்சல். நீங்க கிளம்பலாம்."

கிளம்பிவிட்டான். திட்டித் தீர்த்த திருப்தி வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை.

மறுநாள் காலை கடையில் ஈ காக்கை இல்லை. காலி பண்ணத்தான் வேண்டுமென்றால் பாதியில் விட்டதையாவது முடித்துவிட்டுப் போகலாம் என்று கவிதைத் தொகுப்பை எடுத்தாள். அவளுடைய காலண்டர் தாள் அதே இடத்தில் இருந்தது. அதன்மேல் ஒட்டினாற்போல் ஒரு மெரூன் அட்டை.

என்ஜினியரை எடுத்தாள். தாள், அட்டை… ஒரே பக்கம். திமிங்கிலத்தைப் புரட்டினாள். அங்கேயும் இரண்டும் ஒன்றாகவே இருந்தன.

ஜெயபாரதிக்கு மெல்லப் புரிந்தது. அவள் நிறுத்திய இடத்திலேயே அவனும் நின்றிருக்கிறான். ஒரு பக்கம்கூட அவளைத் தாண்டிப் போகவில்லை. நாவலில் கொலைகாரன் பிடிபடுவதெல்லாம் அவள் நிறுத்திய இடத்துக்கு எவ்வளவோ பிறகு. பாவம், அவனுக்கு எப்படித் தெரிந்திருக்கும்? கண் நிறைந்துவிட்டது. சந்தேகம் போய்விட்டதா என்றால், அதுவும் இல்லை. இப்போது வேறொரு சந்தேகம் வந்து நெஞ்சில் உட்கார்ந்துகொண்டது.

ஆனால் தி.நகர் போய் என்னவென்று கேட்பது? கேன்சல் பண்ணியது யார்? கௌரவம் அவளைக் கல்லாவோடு கட்டிப்போட்டது. மனம் மட்டும் வாசலிலேயே நின்றது.

அந்த வார இறுதியில் மழை மறுபடி பிடித்தது. மதியத்துக்குள் தண்ணீர் படியைத் தாண்டியது. கீழ்த் தட்டுக் கலைக்களஞ்சியங்களை அவள் மூச்சிரைக்கத் தூக்கிக்கொண்டிருந்தபோது, இன்னொரு ஜோடி கை வந்து அவளிடமிருந்து அந்தப் பாரத்தை வாங்கியது. பேண்ட்டை முழங்கால்வரை சுருட்டிக்கொண்டு… மாணிக்கவாசகம்.

கடைசிப் புத்தகம் மேலே ஏறிய பிறகுதான் அவன் வாயைத் திறந்தான்.

"அப்பா வந்து பாத்துட்டுப் போயிட்டாருங்க."

"எப்போ?"

"இப்பத்தான். கார்லேருந்து எறங்கினதுமே முழங்கால் தண்ணி. கீழ பட்டு வச்சா நாசமாயிரும்னு சொல்லிக்கிட்டே இருந்தேன், நம்பல. மழையில கூட்டிட்டு வந்து காட்டிட்டேன். மாடி மட்டும் போதும்னுட்டாரு. நீங்க இங்கயே இருக்கலாம்."

அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. ஆனாலும் கேட்டாள். "எம்மேல பரிதாபமா?"

"தண்ணி வர்றது உண்மைங்க. இதுல பரிதாபம் எங்க வந்துச்சு?" சற்று நிறுத்தினான். "அவர்கிட்ட இன்னொண்ணும் சொல்லிட்டேன்."

"என்ன?"

"கீழ இருக்கறவங்கள… எனக்குப் பிடிச்சிருக்குன்னு."

மழை ஒரு நிமிடம் நின்றுவிட்டதுபோல் இருந்தது. நிற்கவில்லை.

"அவர் என்ன சொன்னாரு?"

"'தண்ணிக்குள்ள நின்னுக்கிட்டுப் பேசுத பேச்சாலே இது'ன்னாரு. வேண்டாம்னு சொல்லல."

அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு மெரூன் அட்டைகளை எடுத்து மேஜையில் வைத்தாள். "ஏன் நான் நிறுத்தின இடத்தோட நிறுத்தினீங்க?"

"உங்க கையிலேருந்து பிடுங்கிட்டுப் போன புக்கு. உங்களுக்கு முன்னாடி நான் முடிவுக்குப் போறது… மனசு ஒப்பல."

"அப்புறம் எதுக்கு வாங்கினீங்க?"

"மொத நாள் நான் வந்தப்ப நீங்க படிச்சுக்கிட்டே சிரிச்சீங்க. எந்த இடத்துல சிரிச்சீங்கன்னு தேடினேன். குடையைப் பத்தின கவிதைதானே?"

"இல்ல."

"அப்ப இன்னும் தேடணும்."

"இந்த அட்டையெல்லாம் மறந்து விட்டீங்களா, வேணும்னே விட்டீங்களா?"

"மொத தடவை மறந்துதான்."

அடுத்த தடவைகளைப் பற்றி அவன் எதுவும் சொல்லவில்லை. அந்தப் பெரிய கண்கள் சொல்லிவிட்டன. ஜெயபாரதி குனிந்துகொண்டாள். பிறகு இன்னொரு ஸ்டூலை இழுத்துத் தன் பக்கத்தில் போட்டாள். கும்பகோணத்து நாவலை எடுத்து, காலண்டர் தாள் இருந்த பக்கத்தைப் பிரித்து இருவருக்கும் நடுவில் வைத்தாள்.

"எனக்கும் உங்களைப் பிடிச்சிருக்கு," என்றாள் புத்தகத்தைப் பார்த்தபடியே. "ஆனா சந்தேகம் மட்டும் இன்னும் போகல."

அவன் முகம் வாடியது. "யார் மேல?"

"அந்தச் சமையல்காரர் மேல."

அவன் ஸ்டூலை இன்னும் கொஞ்சம் நெருக்கிப் போட்டுக்கொண்டான்.

"எனக்கும் ஆரம்பத்துலேருந்தே அவர் மேலதான்."