சிவப்பு நூல் கட்டிய கிளை

முதல் பார்வையில் அவனை அவள் திருடன் என்றுதான் நினைத்தாள். தூறல் விழுந்துகொண்டிருந்தது. தாவரத் தோட்டத்தின் கடைசி மூலையில், குட்டை மரத்தின் முன்னே மண்டியிட்டு, காய்ந்த இலைகளை ஒவ்வொன்றாகக் கிள்ளிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டிருந்தான். அவசரமே இல்லை. பூனைக்குட்டிக்கு உண்ணி எடுப்பவனைப் போல அத்தனை பொறுமை.

"என்ன பண்றீங்க?" என்றாள் அவள்.

அவன் நிமிர்ந்தான். இமையில் ஒரு மழைத்துளி விழலாமா வேண்டாமா என்று தயங்கி நின்றது... பெரிய, களங்கமில்லாத கண்கள். இந்த இடத்தில் நாயகியின் நெஞ்சு படபடக்க வேண்டும் என்பது வழக்கம். படபடத்தது. ஆனால் அது அந்தக் கண்களுக்காக அல்ல, கிளைக்காக.

"சுத்தம் பண்றேங்க. சிவப்பு நூல் கட்டின கிளையைப் படம் எடுக்கச் சொன்னாங்க. காஞ்சதெல்லாம் இருந்தா படம் நல்லா வராது."

"அந்தக் காஞ்சதைத்தான் எடுக்கணும்."

அவன் கிளையைப் பார்த்தான். பிறகு தன் சட்டைப் பையைப் பார்த்தான். கிளையில் மிச்சமிருந்தது அவள் கட்டிய நூல் மட்டும்தான். பின்னணியில் தெரிகிறதே என்று பக்கத்துக் கிளைகளையும் அவன் துடைத்துவிட்டிருந்தான். அவள் குடையை விரித்துக்கொண்டு போனாள். அவனுக்கும் சேர்த்துப் பிடித்திருக்கலாம். பிடிக்கவில்லை.

அவளுக்குத் தோட்டத்தின் பதிப்புப் பிரிவில் வேலை. செடிகளை வர்ணிக்கும் சொற்களைத் திரட்டி ஒரு சொற்கோவை செய்துகொண்டிருந்தார்கள். அலுவலகத்தில் அவளுக்கு 'அகராதி' என்று பெயர். பாதி அவள் வேலைக்காக, மீதி அவள் வாய்க்காக. பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்பவள். ஒரு சொல்லுக்குப் பொருள் தப்பாக இருந்தால் அவளுக்குச் சோறு இறங்காது.

கொஞ்ச காலமாகவே ஒரு சொல் அவளை ஆட்டிவைத்தது. எல்லா இலையும் வாடும். வாடினால் காம்படியில் பிடி விட்டு உதிர்ந்துவிடும். சில மரங்களின் இலைகள் மட்டும் வாடும், காயும், காற்றில் சலசலக்கும், ஆனால் விழாது. அடியிலிருந்து புதுத் துளிர் தள்ளினால்தான் பிடியை விடும். செடிநூல்களில் அந்த இலைக்கென்றே ஒரு அடைமொழி உண்டு. தமிழில் முன்பு எழுதியவர்கள் 'வாடும்' என்று போட்டுவிட்டுக் கைகழுவிவிட்டார்கள். வாடாத இலை எங்கே இருக்கிறது? அவள் மாதக்கணக்கில் மண்டையை உடைத்துக்கொண்டு 'வாடியுதிரா' என்று ஒரு சொல்லைச் செய்தாள். வாடியுதிரா இலை. சொல்லிப் பார்த்தபோது நாக்குக்கும் இதமாக இருந்தது.

பதிப்பாசிரியருக்கு அது பிடிக்கவில்லை. வாடினால் உதிர வேண்டியதுதானே, அதற்குப் போய் ஒரு தனிச் சொல்லா என்று கேட்டார். அதோடு அந்தச் சொற்கோவைக்கு ஒரு விதி இருந்தது: படம் இல்லாத சொல்லுக்கு இடம் இல்லை. மலைக்குளிரிலிருந்து கொண்டுவந்து நட்ட அந்தக் குட்டை மரம் ஒன்றில்தான், அதுவும் கீழ்க்கிளைகளில் மட்டும், அப்படி இலை நிற்கும். இனி அடுத்த உலர்காலத்தில்தான் காயும். நூலோ அதற்குள் அச்சுக்குப் போய்விடும். அவன் கிள்ளிப் பையில் போட்டுக்கொண்டது இலையை அல்ல, அவள் சொல்லை.

போட்டோக்காரரை மட்டும் குற்றம் சொல்வதற்கில்லை. நகைக் கடைகளுக்கும் துணிக் கடைகளுக்கும் விளம்பரப் படம் எடுத்துப் பழகிய கை அது. தூசியைத் துடை, கறையை அழி, பிறகு எடு என்பது அந்தத் தொழிலின் பாலபாடம். இவளும் நூலைக் கட்டினாளே தவிர, எதற்குக் கட்டினோம் என்று ஒரு வரி எழுதி வைக்கவில்லை. தன்னை யாராவது புரிந்துகொள்ள வேண்டுமென்றால் தானாகப் புரிந்துகொள்ளட்டும் என்பது அவள் கொள்கை. முப்பது வயது தாண்டியும் அவள் தனியாக இருப்பதற்கு அந்தக் கொள்கைதான் காரணம் என்பது அவள் அக்காவின் கட்சி.

மறுநாள் அவன் அலுவலகத்துக்கே வந்தான். மன்னிப்புக் கேட்கவில்லை, ஒரு படத்தை மேசைமேல் வைத்தான். பச்சைச் செடி, நடுவில் ஒரு காய்ந்த இலை.

"காஞ்சிருக்கு. விழல. சரியா?"

அவள் படத்தைக் கண்ணருகே கொண்டுபோனாள். "விழுந்ததைச் சிலந்தி பிடிச்சு வச்சிருக்கு."

அவனும் குனிந்து பார்த்தான். சிலந்தி நூல் நன்றாகவே தெரிந்தது. முகத்தில் அசடு வழிய எடுத்துக்கொண்டு போனான். தும்பை விட்டு வாலைப் பிடிக்கிறார் என்று அவள் பக்கத்து மேசைக்காரியிடம் சொன்னாள்.

அடுத்து அவன் கொண்டுவந்த படத்தில் ஒரு கிளை நிறையக் காய்ந்த இலைகள். இந்தத் தடவை பிழைத்துவிட்டோம் என்று நின்றவனிடம், கிளை அடியில் முறிந்திருப்பதை அவள் பேனா முனையால் காட்டினாள். முறிந்த கிளையில் இலை இப்படித்தான் ஒட்டிக்கொண்டு நிற்கும், உதிர்வதற்கும் கிளையில் உயிர் வேண்டும், கிளை உயிரோடு இருந்து இலை மட்டும் காய்ந்தால்தான் இந்தச் சொல்லைப் போடலாம் என்றாள். அவன் கவனமாகக் கேட்டுக்கொண்டான். அதற்கடுத்து வந்தது ஒரு தொட்டிச் செடி.

"இது செத்தே போச்சு," என்றாள்.

"என் வீட்டுச் செடிதான்... தண்ணி ஊத்த மறந்துட்டேன்."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள்.

இப்படியே அவன் வருவதும் அவள் தள்ளுவதுமாக நாட்கள் போயின. ஒருநாள் அவன், இந்தச் சொல்லை மனிதர்களுக்குச் சொல்லலாமா என்று கேட்டான். கூடாது, செடிக்கு மட்டும்தான் என்றாள். சொல்லும்போது அவள் குரல் தேவைக்கு மேல் கண்டிப்பாக இருந்தது. அன்று மாலை அக்காவுடன் போனில் பேசியபோது போட்டோக்காரர் பேச்சு திரும்பத் திரும்ப வந்தது. யாரடி அது என்று அக்கா கேட்டாள். "செடியைக் கெடுத்தவர்," என்றாள் இவள். அக்கா, வேறு எதையும் கெடுக்காமல் இருந்தால் சரி என்றாள்.

அச்சுக்குப் போகும் வாரத்தில் அவன் அந்தப் படத்தைக் கொண்டுவந்தான்.

சாய்ந்த வெயில் இலைக்குப் பின்னாலிருந்து வந்தது. காய்ந்து சுருண்ட இலைகள், ஒவ்வொன்றின் நரம்பும் தெரிந்தது. கிளை பச்சை மாறாமல் உயிரோடு நின்றது. அதே குட்டை மரம்தான். சுவர்ப் பக்கம் ஒரு கிளை தன் கைக்குத் தப்பியிருக்கிறது என்றான். அவள் படத்தைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள்... சிரித்தாள். அவன் அவளுடைய முழுச் சிரிப்பை அன்றுதான் பார்த்தான். பற்கள் வரிசை தப்பி இருந்ததையும், அதை மறைக்க அவள் கை தானாக உயர்ந்ததையும், பாதி வழியில் மறந்து நின்றுவிட்டதையும் பார்த்தான்.

கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்க்கிறவள், சுவர்ப் பக்கம் போய்ப் பார்க்கவில்லை. நேரே பதிப்பாசிரியரிடம் போனாள். படத்துக்குத் தான் பொறுப்பு என்றாள். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு, "ஜெயிச்சுட்டே அகராதி," என்றார்.

இரண்டு நாள் கழித்து நல்ல மழை. அலுவலகத் தாழ்வாரத்தில் சொட்டச் சொட்ட நனைந்தபடி அவன் நின்றான். உள்ளே வரச் சொன்னாள். வரவில்லை. சட்டைப் பையிலிருந்து ஒரு காய்ந்த இலையை எடுத்து நீட்டினான். காம்படியில் ஒரு துளி பசை காய்ந்து இறுகியிருந்தது.

"சுவர்ப் பக்கம் கிளை எதுவும் இல்லீங்க. அன்னிக்குக் கிள்ளினதையெல்லாம் வச்சிருந்தேன். நானேதான் ஒட்டினேன்."

அவள் அந்த இலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"சொல்லாம இருந்திருந்தா யாருக்கும் தெரிஞ்சிருக்காது."

"நீங்க சிரிச்சீங்க," என்றான் அவன். "அதுக்கப்புறம் முடியல."

கோபத்தில் அவள் காது மடல் சிவந்தது. அவன்மேல் கோபம் என்று அவன் நினைத்தான். பாதிதான் சரி. சிலந்தி நூலைக் கண்டவள், முறிவைக் கண்டவள், இந்தப் பசையை எப்படிக் காணாமல் விட்டாள்? பதில் அவளுக்கு உடனே தெரிந்துவிட்டது. தெரிந்ததைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

"இனிமே இந்தத் தோட்டத்துல எதையும் தொடாதீங்க," என்று மட்டும் சொன்னாள்.

அவன் தலையசைத்துவிட்டு மழையில் இறங்கிப் போனான். அவள் பதிப்பாசிரியரிடம் போய், படம் பொய், சொல்லை எடுத்துவிடுங்கள் என்றாள். யார் செய்தது என்று சொல்லவில்லை. பார்க்காதது தன் பிழை என்றாள். அவர் திட்டவில்லை. யானைக்கும் அடி சறுக்கும் என்று ஆறுதல் சொன்னார். திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது அவளுக்கு.

நூல் வந்தது. பாராட்டுகளும் வந்தன. அந்தப் பக்கத்தில் ஒரு சொல் இருந்து போன தடம் அவளைத் தவிர யாருக்கும் தெரியாது. அவளோ அந்தப் பக்கத்தைத் திறப்பதே இல்லை. அவன் வேறு வேலைகளுக்குப் போய்விட்டான் என்று கேள்வி. அலுவலகக் கதவு திறக்கும்போதெல்லாம் அவள் தலை தானாக நிமிரும், பிறகு குனியும். பக்கத்து மேசைக்காரி இதைக் கவனித்தாள். ஆனாலும் வாயைத் திறக்கவில்லை, அந்தப் புண்ணியம் அவளுக்கு.

மாதங்கள் கழித்து அக்காதான் கேட்டாள், செடியைக் கெடுத்தவர் என்ன ஆனார் என்று. வருவதில்லை என்றாள் இவள்.

"நீ என்ன சொன்னே?"

"எதையும் தொடக்கூடாதுன்னேன்."

"வரக்கூடாதுன்னா சொன்னே?"

இல்லை. அப்படிச் சொல்லவில்லை. அகராதி என்று பெயர் வாங்கியவளுக்கு இந்த வித்தியாசத்தை அக்கா எடுத்துக் காட்ட வேண்டியிருந்தது.

உலர்காலம் வந்தது. நூலுக்கு மறுபதிப்பும் வந்தது. குட்டை மரத்தின் கீழ்க்கிளைகளில் இலைகள் காய்ந்து, உதிராமல், காற்றில் சலசலத்தன. பதிப்பாசிரியர், வேறு ஆளை வைத்துப் படம் எடுத்துக்கொள் என்றார். அவள் போனைக் கையில் எடுத்தாள், வைத்தாள், எடுத்தாள். கடைசியில் பழைய எண்ணையே அழைத்தாள். "இலை காஞ்சிருக்கு. வர்றீங்களா?" என்றாள்.

அவன் வந்தபோது பழையபடி தூறல். அவள் குடையோடு மரத்தடியில் நின்றாள். கிளையில் புது நூல் கட்டியிருந்தாள். அவன் கேமராவைக் கழுத்தில் மாட்டி, இரண்டு கைகளையும் கால்சட்டைப் பையில் விட்டுக்கொண்டு நின்றான். படம் எடுக்கும் நொடிக்கு மட்டும் கை வெளியே வந்தது. உடனே பைக்குள் போனது. குறுக்கே ஒரு குச்சி நீட்டிக்கொண்டிருந்தது. அதை ஒதுக்காமல், ஈர மண்ணில் படுத்து, கோணத்தை மாற்றி எடுத்தான். எழுந்தபோது முதுகெல்லாம் சேறு. அவள் குடையை அவன் பக்கமும் நீட்டினாள்.

"இந்தத் தடவை நிஜம்," என்றான் அவன். "வேணும்னா இழுத்துப் பாருங்க."

"வேண்டாம். தெரியுது."

தூறல் குடையில் தாளம் போட்டது. அவன் இலைகளைப் பார்த்துக்கொண்டே பேசினான். போன தடவை படம் தேடி அலைந்தபோது, உண்மையான இலை கிடைத்துவிடக் கூடாதே என்றுதான் உள்ளுக்குள் வேண்டிக்கொண்டானாம். கிடைத்துவிட்டால் அலுவலகத்துக்கு வரக் காரணம் இருக்காதே... அச்சு நாள் நெருங்கியதும் அவள் முகம் வாடியதைப் பார்க்கச் சகிக்காமல்தான் பசையைத் தேடினானாம்.

"எனக்கு உங்களைப் பிடிச்சிருக்குங்க. அதைச் சொல்றதுக்குப் பதிலா இலையை ஒட்டினேன்."

அவள் கிளையில் கட்டிய நூலின் முனையை விரலில் சுற்றினாள், பிரித்தாள்.

"நான் நூலைத்தான் கட்டினேன். எதுக்குன்னு சொல்லல. சொல்லாம விடறதே எனக்குப் பழக்கம். இப்ப சொல்லிடறேன்." ஒரு மூச்சு எடுத்துக்கொண்டாள். "அந்தப் பசை ஏன் என் கண்ணுல படலன்னா... நான் படத்தைப் பார்க்கல. உங்களைப் பார்த்துட்டிருந்தேன்."

அவன் திரும்பினான். அதே கண்கள், இமையில் அதே போல ஒரு துளி. இந்தத் தடவை நெஞ்சு படபடத்ததற்கு அவளிடம் வேறு சாக்கு இல்லை. அவன் கைகள் மட்டும் இன்னும் பைக்குள்ளேயே இருந்தன.

"கையை வெளிய எடுங்க," என்றாள்.

"எதையும் தொடக்கூடாதுன்னு சொன்னீங்களே."

"அது செடியை."