மணிக்கூண்டில் தொங்கியவன்

அன்று மதியம் நான் வேலைக்கு வந்தபோது அண்ணன் ஏற்கெனவே கணினி முன்னால் உட்கார்ந்திருந்தான். பழைய ஊமைப்படங்களைப் பழுதுபார்ப்பதுதான் எங்கள் இருவருக்கும் தொழில். அறை முழுக்கக் கெட்டுப்போன படச்சுருளின் புளித்த வாடை.

அன்று கணினியில் ஏற்றியிருந்த சுருளில் ஏதோ ஒரு நகர விழாவைப் படமெடுத்திருந்தார்கள். கொடிகள், ஊர்வலம், வாத்தியக்காரர்கள். கயிறுகூட இல்லாமல் ஒருவன் மணிக்கூண்டின் சுவரில் ஏறுகிறான். கீழே ஊரே அண்ணாந்து பார்க்கிறது. உச்சியை நெருங்கும்போது கால் வழுக்கி, இரண்டு கையாலும் விளிம்பைப் பிடித்துத் தொங்குகிறான். அடுத்த சில பிரேம்கள் அழுகிப்போயிருந்தன. அதற்கப்புறம் வெறும் சுவர்தான்.

அழுகிய இடத்தில் முந்தைய பிரேமையே திரும்பத் திரும்ப ஒட்டி நிரப்புவது எங்கள் வழக்கம். இல்லாவிட்டால் காட்சி குதிக்கும். அண்ணன் அவன் தொங்குகிற பிரேமை ஒட்டினான். தேவைக்கு மேலேயே ஒட்டினான்.

"பாவம், இன்னும் கொஞ்ச நேரம் உயிரோட இருந்துட்டுப் போகட்டுமே," என்று சிரித்தான்.

"ஆமா, பெரிய வள்ளல். வேலையைப் பாரு," என்றேன் எரிச்சலோடு.

படத்தை ஓடவிட்டோம். அவன் தொங்கினான். தொங்கிக்கொண்டே இருந்தான்.

சுவரை நகம் பிறாண்டும் சத்தம் கேட்டது.

ஊமைப்படத்தில் ஏது சத்தம்?

திரும்பினேன். அண்ணனின் விரல்கள் மேசை விளிம்பைக் கவ்வியிருந்தன. நகக்கண்களில் ரத்தம் கசிந்தது.

"அண்ணா, கையை எடு."

"முடியல. விட்டா விழுந்துருவேன்," என்று கிசுகிசுத்தான்.

"நாற்காலியிலதானே உக்காந்திருக்க?"

"காலுக்குக் கீழ ஒண்ணுமே இல்லடி."

அவன் விரல்களைப் பிரிக்கப் பார்த்தேன். அசைந்து கொடுக்கவில்லை. அவன் ஒட்டியதால்தானே இந்தப் பீடை வந்தது, அதை எடுத்துவிட்டால் போய்விடும் என்று நினைத்தேன். ஒட்டிய பிரேம்களை மொத்தமாக அழித்தேன்.

திரையில் வெறும் சுவர் வந்தது. அண்ணனின் பிடி தளர்ந்தது. அப்பாடா என்று மூச்சு விட்டேன்.

அவன் நாற்காலியிலிருந்து சரிந்தான்.

முழங்கால் உயரம்தான். ஆனால் உயரத்திலிருந்து மூட்டையைப் போட்டதுபோலத் தரை அதிர்ந்தது. அவன் கால்கள் மடங்கிக் கிடந்த விதத்தை என்னால் பார்க்க முடியவில்லை.

"யாராவது வாங்களேன்," என்று கத்தினேன்.

படியில் பலபேர் ஓடிவரும் காலடிச் சத்தம் கேட்டது. கதவு திறக்கவில்லை. உள்ளே யாரும் வரவுமில்லை. ஆனாலும் அண்ணன் மேல் விழுந்துகொண்டிருந்த ஜன்னல் வெயிலை நாலாபுறமிருந்தும் நிழல்கள் மறைத்தன. மணிக்கூண்டின் கீழே அண்ணாந்து நின்ற அந்தக் கூட்டத்தின் வியர்வை நாற்றம் என்னை நெருக்கியது. அவன் வாயைப் பிளந்து மூச்சுக்குத் தவித்தான்.

"கொஞ்சம் விலகுங்க, காத்து வரட்டும்," என்று கெஞ்சினேன்.

யாரும் விலகவில்லை.