எவால்டின் உதடுகள்

சூப் ஆறுவதற்குள் எவால்ட் ஒரே பேச்சை மூன்று முறை சொல்லிவிட்டான். லீஸ்பெத் அவன் வாயையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறவியிலேயே காது கேளாதவள். ஆனாலும் தம்பியின் உதடுகளை இருட்டு மாடிப்படியில்கூடப் படித்துவிடுவாள். அவனுக்கு அவளையும் அவளுக்கு அவனையும் விட்டால் பெர்லினில் வேறு யார்?

"வாயில உருளைக்கிழங்கா வச்சிருக்க? ஒண்ணும் புரியலடா."

கடைசியில் கையைப் பிடித்து இழுத்துத்தான் அவளைத் தான் நடிக்கும் சினிமா ஸ்டுடியோவுக்கு அழைத்துப் போனான். எடுத்த படத்தை அன்று மதியம் போட்டுப் பார்க்கிறார்கள். அந்தப் படத்தில் சவப்பெட்டிக்குள் பிணமாக நடித்துவிட்டு வந்த நாளிலிருந்துதான் அக்காவுக்கு அவன் பேச்சு எட்டவில்லை.

அவனுடையது போன்ற நீலக் கண் அந்தக் காலத்துப் பிலிமில் சுண்ணாம்பாய் வெளுத்துப்போகும். அதனால் அவனுக்குக் கிடைத்ததெல்லாம் கண் மூடிய வேடங்கள்: ஆற்றில் மூழ்கியவன், தூக்கில் தொங்கியவன், செத்துப்போன பிரபு. பேசாத படம்தானே என்று மற்ற நடிகர்கள் வாய்க்கு வந்ததைப் பேசுவார்கள். கதாநாயகன் காதலியின் முன் மண்டியிட்டு, செருப்பு கடிப்பதைப் பற்றிப் புலம்புவான். எவால்ட் மட்டும் வாயைத் திறக்கக் கூடாது. சவப்பெட்டிக் காட்சியன்று மூடியை நிஜமாகவே ஆணியடித்து மூடினார்கள். உள்ளே பைன் மரப் பிசின் வாசனை, வெளியே படப்பிடிப்பு விளக்குகளின் இரைச்சல், பிறகு அந்த இரைச்சலும் எங்கோ தூரத்தில் அடங்கிப்போனது. திறந்தபோது எழுந்து வந்தான். எல்லோரும் கைதட்டினார்கள்.

"வாங்க பொணமே!" என்றார் இயக்குநர் கிரோப்பே. "குடும்பத்தோடவா? உக்காருங்க."

கறுப்புத் துணியால் மறைத்த கண்ணாடிக் கூரையில் பனி விழுந்துகொண்டிருந்தது. திரையில் மூடி திறந்தது. அவன் முகம். கண்கள் மூடியிருந்தன.

உதடுகள் அசைந்தன.

"அடப்பாவி! செத்தவன் பேசுவானாடா? கேமராக்காரன் எங்க, தூங்கிட்டானா?" கிரோப்பே கதவை அறைந்துவிட்டு வெளியே போனார்.

படம் பிடித்த அன்று எவால்ட் பேசவேயில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தான். காட்சி முடிந்து எழுந்தானே, அந்த இடம் வந்தது. திரையில் அவன் எழவில்லை. பேசிக்கொண்டே கிடந்தான்.

லீஸ்பெத் எழுந்து நின்றாள்.

"தம்பி பேசறான்." ஏற்ற இறக்கமில்லாத அவளுடைய குரல் அறையில் பெரிதாய் விழுந்தது. "நல்லாப் புரியுது. 'அக்கா, மூடியத் தெற. நான் இன்னும் உள்ளதான் இருக்கேன்.'"

அவன் பக்கம் திரும்பினாள். ஓரடி பின்வாங்கினாள்.

"நீ யாரு?"

"நான்தான்க்கா. எவால்ட். உன் தம்பி."

அவள் அவன் வாயைப் பார்த்தாள். இல்லை என்று தலையாட்டினாள். அவன் விரலால் தன் உதட்டைத் தொட்டான். "அக்கா" என்று மறுபடி சொன்னான்.

விரலின் கீழ் உதடு அசையவில்லை.

ரீல் தீர்ந்தது. இயந்திரம் நின்றது. திரை இருண்டது.

இயந்திரத்தின் இரைச்சலுக்கு அடியில் கேட்டுக்கொண்டிருந்த தட்டும் சத்தம் மட்டும் நிற்கவில்லை. மரத்தில். உள்ளிருந்து.

லீஸ்பெத் நடந்துபோய்த் திரையில் உள்ளங்கையை வைத்தாள். துணி புடைத்தது. ஐந்து விரல்கள். துணியோடு சேர்த்து அவள் கையைக் கோத்துக்கொண்டன.

அவள் குனிந்தாள். பல்லால் துணியைக் கிழிக்கத் தொடங்கினாள்.