கஞ்சி காய்வதற்குள்...

ட்ரிங்... ட்ரிங்...

காலை பத்து மணி ஐந்து நிமிடம்.

இன்ஸ்பெக்டர் நெலிதா வாயிலிருந்த சிப்பா ரொட்டியை அவசரமாக விழுங்கிவிட்டு ரிசீவரை எடுத்தாள்.

"மேடம்... என் புருஷனைக் கொன்னுட்டாங்க! கஞ்சி காய்றதுக்குள்ள வாங்க!"

நெலிதா ஜீப்புக்கு ஓடினாள்.

கஞ்சி காய்ந்துவிட்டால் செத்தவன் செத்தவன்தான்!

அந்த ஊரில் சில பெண்கள் நூலோடு சேர்த்து நேரத்தையும் பின்னுவார்கள். மணி அடித்ததும் மரச்சட்டத்தில் கட்டிய துணியில் ஒரு வளையம். அதை அவிழ்த்தால் அந்த மணியின் தொடக்கத்துக்கே எல்லாரும் திரும்பிவிடுவார்கள். நடந்தது எதுவும் நடக்காததாகிவிடும். ஊசி பிடித்தவருக்கு மட்டும் ஞாபகம் இருக்கும்.

ஒரு மணியை ஒரே தடவைதான் அவிழ்க்கலாம். அதுவும் வளையத்தின் மேல் பூசிய மரவள்ளிக் கஞ்சி காய்வதற்குள்!

இருபது நிமிடத்தில் நெலிதா, போன் பண்ணிய பின்னல்காரி ஸுனில்தாவின் வீட்டில் இருந்தாள்.

மாமரத்தடியில் அவள் புருஷன் கிரெஸென்சியோ கிடந்தான். வாயோரம் நுரை. கையில் தெரெரே என்ற குளிர்ந்த பானம் குடிக்கும் கொம்புக் குவளை. பக்கத்து ஜாடியில் மூலிகைத் தண்ணீர். அதில் ஐஸ் கொஞ்சம் மிதந்தது.

முற்றத்தில் பின்னல் சட்டம். ஒன்பது மணி வளையத்தில் கஞ்சி பளபளத்தது. நல்லவேளை, சூரியனை மேகம் மறைத்திருந்தது. ஓரம் மட்டும்தான் விறைத்திருந்தது.

"யார் பண்ணினது?"

ஸுனில்தா மார்பில் அடித்துக்கொண்டாள்.

"இவரு தம்பி அபெலார்தோ, மேடம்! நிலத் தகராறு. நான் பின்னாடி துணி காயப்போட்டிட்டிருந்தேன். விஷத்தைக் கலந்துட்டு, நான் அவிழ்க்கக் கூடாதுன்னு கஞ்சியையும் பூசிட்டு ஓடிட்டான் பாவி!"

"பார்த்ததுமே நீங்க அவிழ்த்திருக்கலாமே?"

"போலீஸ் உத்தரவு இல்லாம தொட்டா கம்பி எண்ணணுமே!"

"புருஷன் பொணமா கிடக்கறப்போ உங்களுக்குச் சட்டம் ஞாபகம் வந்துச்சாக்கும்!"

நெலிதா சட்டத்தருகே இருந்த கஞ்சிச் சட்டிக்குள் விரலை விட்டாள்.

சில்லென்று இருந்தது. மேலே ஏடு படிந்திருந்தது.

"அக்கா... கஞ்சி காய்ச்சி ஆற எவ்வளவு நேரம் ஆகும்?"

"ஒரு... ஒரு மணி நேரம்."

"கொலை பண்ணிட்டு ஓடறவன், கஞ்சி ஆறட்டும்னு விசிறிக்கிட்டு உக்காந்திருப்பானா?"

நெலிதா சட்டத்தின் பின்பக்கம் போய்ப் பார்த்தாள்.

"சூடா பூசினா நூல் சுருங்கும். பின்னின பூ அமுங்காம இருக்கணும்னா பின்பக்கமாத்தான் பூசணும். இங்க பின்பக்கமா, மெல்லிசா, அழகா பூசியிருக்கு. அபெலார்தோ மாட்டுத் தரகர். ஊசிக்குக் காது எந்தப் பக்கம்னே அவருக்குத் தெரியாது!"

ஸுனில்தாவின் தோள்கள் சரிந்தன.

"பழக்கம், மேடம்... கை தானா செஞ்சுடுச்சு."

"ஏன் கொன்னீங்க?"

ஸுனில்தா சட்டைக் கையைச் சுருட்டிக் காட்டினாள்.

"தழும்பு ஏதாச்சும் தெரியுதா?"

"இல்லையே..."

"அதான்! எலும்பு உடையற வரைக்கும் அடிப்பார். அப்புறம் 'அவிழ்டீ'ன்னு ஊசியை வீசுவார். உடைஞ்ச கையாலேயே அவிழ்ப்பேன். கை சரியாயிடும். அவருக்கு எதுவும் ஞாபகம் இருக்காது. சிரிச்சுக்கிட்டே தெரெரே கேப்பார். எனக்கு மட்டும் ஒரு அடி விடாம ஞாபகம் இருக்கும். பதினோரு வருஷமா..."

"ஸ்டேஷனுக்கு வந்து சொல்லியிருக்கலாமே?"

"மூணு தடவை வந்தேன். 'காயம் எங்கேம்மா?'ன்னு கேட்டுத் திருப்பி அனுப்பினது நீங்கதான், மேடம்."

நெலிதாவுக்கு முகம் எரிந்தது.

மேகம் விலகியது. முற்றத்தில் வெயில் சுளீரென்று விழுந்தது. கஞ்சி வேகமாக வெளுக்கத் தொடங்கியது...

ஸுனில்தா இரண்டு கைகளையும் நீட்டினாள்.

"விலங்கு போடுங்க. அசுன்சியோன் ஜெயில்ல இருபது வருஷம்னாலும் இருந்துக்கறேன். அவரை மட்டும் எழுப்பிடாதீங்க!"

நெலிதா பிணத்தைப் பார்த்தாள். அந்தக் கைகளைப் பார்த்தாள்.

சட்டென்று சட்டத்தில் குத்தியிருந்த ஊசியைப் பிடுங்கினாள். வளையத்தின் நடுவில் இன்னும் ஈரம் இருந்தது. நூலை இழுத்தாள்!

"ஐயோ... மேடம்!"

ஒன்பது மணி.

நெலிதா ஸ்டேஷனில் உட்கார்ந்திருந்தாள். கையில் கடிக்காத சிப்பா ரொட்டி.

போனை எடுத்து நம்பரைச் சுழற்றினாள்.

"ஹலோ?" ஸுனில்தாவின் குரல்.

"கஞ்சியை ஆற வச்சாச்சா, அக்கா?"

அந்தப் பக்கம் கரண்டி விழுந்த சத்தம்.

"யா... யாரு?"

"இன்ஸ்பெக்டர் நெலிதா. ஜாடியைக் கொட்டிடுங்க. குவளையைக் கழுவிடுங்க. வாசலுக்கு வந்து நில்லுங்க. வந்துட்டே இருக்கேன்!"

"உங்களுக்கு எப்படி..."

"இந்தத் தடவை ஊசி பிடிச்சது நான்!"

ஜீப் பறந்தது. ஆனாலும் இருபது நிமிட வழி இருபது நிமிட வழிதான்.

நெலிதா இறங்கும்போதே அந்தச் சத்தம் கேட்டது.

பளார்!

"என் தெரெரேயைக் கொட்டிட்டு வாசல்ல நின்னு யாரைடீ பார்க்கறே?"

ஸுனில்தா படியில் கிடந்தாள். உதடு கிழிந்து ரத்தம் வழிந்தது. கிரெஸென்சியோ நிமிர்ந்தான். யூனிஃபார்மைப் பார்த்தான். பயப்படவில்லை. சிரித்தான்!

மனைவியை முற்றத்துக்கு இழுத்துப்போய் ஊசியைக் கையில் திணித்தான்.

"அவிழ்டீ!"

ஸுனில்தா நூலை இழுத்தாள். நூல் அசையவில்லை.

"இழுடீ!"

"வ... வரலைங்க!"

"வராது, சார்." நெலிதா விலங்கை எடுத்தாள். "இந்த மணியை நான் ஏற்கனவே அவிழ்த்தாச்சு!"

அவன் சிரிப்பு அப்படியே உறைந்தது.

ஸுனில்தா உதட்டைத் தொட்டாள். விரலில் ரத்தம். மறுபடி தொட்டாள். பதினோரு வருடத்தில் முதல் தடவையாக ஒரு காயம் அழியாமல் நின்றது. நெலிதா அதைப் போட்டோ எடுத்துக்கொண்டாள்.

"மேடம்..." ஸுனில்தா கிசுகிசுத்தாள். "போன தடவை நான்... என்ன பண்ணினேன்?"

"அதை எங்கிட்டயே விட்டுடுங்க, அக்கா. இந்த ஒண்ணை நான் ஞாபகம் வச்சுக்கறேன்."

விலங்கோடு ஜீப் அருகே நின்ற கிரெஸென்சியோ அலறினான்.

"அநியாயம்! ஒரே மணி நேரத்துல என் மானமே போச்சே!"

"புலம்பாதீங்க, சார்." நெலிதா கதவைத் திறந்துவிட்டாள். "இதே மணி நேரத்துல போன தடவை உங்க உயிரே போச்சு... ஏறுங்க!"