சாலையில் உடையாத கோப்பைகள்

"இன்னைக்குச் சாயங்காலத்தோட என் வீட்டுக்காரரை வேலையை விட்டு நிறுத்தப் போறாங்கக்கா. கண்ணுமண்ணு தெரியாம வண்டி ஓட்டி கோப்பையெல்லாம் உடைக்கிறாராம்."

பீங்கான் பட்டறை ஓட்டுநரின் மனைவி நாற்காலி நுனியிலேயே உட்கார்ந்திருந்தாள். துப்பறியும் வேலையை அக்காவும் தம்பியுமாகப் பார்த்து வந்தார்கள். அக்கா நிதானமாகக் கேட்டுக்கொண்டாள். தம்பிக்குத்தான் இருப்புக்கொள்ளவில்லை. ஊரார் அவனுக்கு வைத்த பெயரே 'அவசரம்'; கேள்வி முடியுமுன் படியிறங்கி நிற்கிற ஆள்.

மூவரும் பட்டறைக்குப் போனபோது முதலாளி முகம் கொடுக்கவில்லை. "ரோட்ல உடையுது. வண்டி ஓட்டுறவன் அவன். இதுல துப்பறிய என்ன இருக்கு?"

"உடைஞ்சதைக் காட்டுங்க," என்றாள் அக்கா.

கடைகளிலிருந்து திரும்பிய சில்லுகள் பின்கட்டில் சாக்குச் சாக்காகக் கிடந்தன. அவற்றை முதலில் கடைவாரியாகக் கொட்டச் சொன்னாள். வழுவழுப்பான சாலைக் கடைக்கும் குண்டுகுழிச் சாலைக் கடைக்கும் குவியல் ஏறக்குறைய ஒரே அளவுதான்.

அவசரம் கையை உதறினான். "எல்லா இடத்துலயும் உடையுது. இதுல என்னத்தைக் கண்டுபிடிக்க? நேரம் ஓடுதுக்கா."

"அப்போ நாம பிரிச்ச விதம் தப்புடா. காரணம் பத்து இருக்கலாம். ஒண்ணு ரெண்டுதான் பெரும்பாதி நாசத்தைப் பண்ணும். அடியில பாரு."

ஒவ்வொரு முறை சூளை ஏற்றும்போதும் கோப்பைகளின் அடியில் ஓர் எண்ணைக் குத்துவார்கள். எண்வாரியாக மறுபடி பிரித்தார்கள். மூன்று எண்கள் மட்டும் மலையாக எழுந்தன. மற்றவை ஆளுக்கொரு கையளவுகூடத் தேறவில்லை.

"அந்த மூணு தடவையும் ராத்திரி கரண்ட் போச்சுங்க," என்றார் புதிதாகச் சேர்ந்த சூளைக்காரர். "விடிஞ்சப்புறந்தான் வெந்து முடிஞ்சுது. ஆனா முதலாளி போன்ல சொன்ன நேரத்துக்குத்தான் தினமும் திறக்கிறேன்."

"நான் நேரமே சொன்னதில்லையே," என்றார் முதலாளி.

அவசரம் அக்காவின் காதைக் கடித்தான். "ரெண்டுல ஒருத்தர் புளுகுறார்."

"ரெண்டு பேரும் உண்மையைத்தான் சொல்றாங்க." அவள் முதலாளியிடம் திரும்பினாள். "சொன்னதை அப்படியே சொல்லுங்க."

"ஆறுனதும் கதவைத் திறன்னேன்."

சூளைக்காரரின் முகம் வெளுத்தது. "ஆறானதும்னுல்ல என் காதுல விழுந்துச்சு."

"மிஷின் சத்தத்துல அப்படிக் கேட்டிருக்கு," என்றாள் அக்கா. "மத்த நாள்ல சாயங்காலம் மணி ஆறாகும்போது சூளையும் ஆறியிருக்கும், தப்பு தெரியல. கரண்ட் போன நாள்ல சூட்டோட திறந்து, காத்துப்பட்டு மயிரிழை விரிசல் விட்டிருக்கு. அதுக்கப்புறம் எந்த ரோடா இருந்தா என்ன, ஒரு குலுக்கல் போதும்."

முதலாளி வண்டிச் சாவியை எடுத்து மேஜையில் வைத்தார். வாசலில் நின்ற ஓட்டுநர் அதைத் தொடவில்லை.

"அத்தனை பேர் முன்னாடி பொறுக்கின்னீங்களே," என்று ஆரம்பித்தார்.

மனைவி சாவியை எடுத்து அவர் கையில் திணித்தாள். பிறகு முதலாளியைப் பார்த்தாள்.

"முன் சீட்ல இடம் இருக்கு. நீங்களும் ஏறுங்க. கடைக்காரங்க கேப்பாங்க இல்ல, யார் உடைச்சதுன்னு. நீங்களே சொல்லிடுங்க."

முதலாளி செருப்பைத் தேடினார்.