தொண்ணூற்றொன்பதில் நின்ற மேஜர்

"ஸ்கோர் நோட்டை மூடாதீங்க!"

மழையோடு மழையாக ஓடி வந்து மேஜை முன் நின்றவனை நிமிர்ந்து பார்த்தாள் டீச்சர். முப்பது வருடம் ஓடிவிட்டது. இன்றைக்கும் கூரையில் மழை விழும் சத்தம் கேட்டால் அவளுக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்தக் கண்கள்தான்... இமை ஓரத்தில் ஒரு துளி தொங்க, சிரிப்பை அடக்கத் தெரியாத கண்கள்.

பட்டாளத்து கிரிக்கெட் அணிக்காக ஆட வந்த மேஜர் அவன். சற்று முன்புதான் நூறு அடித்திருந்தான். கைதட்டல் ஓய்வதற்குள் மழை கொட்டி, ஆட்டமே முடிந்துபோனது.

"ஆடறவங்க நோட்டைத் தொடக்கூடாது," என்றாள் வெடுக்கென்று. பள்ளியில் கணக்குப் பாடம்; ஞாயிற்றுக்கிழமைகளில் கிளப்புக்கு ஸ்கோர் எழுதும் வேலை. அங்கேயும் எல்லோருக்கும் அவள் டீச்சர்தான்.

"தொடலீங்க. என் பேர்ல ஒரு ரன் அதிகமா இருக்கு. அதைக் கழிச்சிடுங்க."

"கம்மியா இருக்குன்னு சண்டைக்கு வந்தவங்களைப் பாத்திருக்கேன். அதிகம்னு வந்த முதல் ஆள் நீங்கதான்."

"கடைசிப் பந்து மட்டையில படல டீச்சர். கால் பேடுல பட்டுப் போச்சு. அந்த ரன் டீமுக்குத்தான், எனக்கில்ல."

"அப்படின்னா அம்பயர் முழங்காலைத் தட்டிக் காட்டியிருப்பாரே?"

"கவனிக்கல போல. பெரியவருக்குக் கண்ணு..."

"அந்தப் பெரியவர் எங்கப்பா."

மேஜரின் சிரிப்பு சட்டென்று மறைந்தது.

'கண் தெரியாதவரை எதுக்கு அம்பயரா நிறுத்தறீங்க' என்று கிளப் செயலாளர் ஆறு மாதமாக எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தார். அன்று அம்பயராக அப்பாவின் கடைசி ஆட்டம். இருபத்தாறு வருடம் வெயிலில் நின்ற மனிதர்... தலை நிமிர்ந்து வீட்டுக்கு வரட்டுமே! பந்து பேடில் மோதியதை அவளும் பார்த்தாள்தான். பார்த்துவிட்டுத்தான் நூறு என்று எழுதினாள்.

"இன்னிக்கு ஒரு நாள் மட்டும்... விட்டுடுங்களேன்." குரல் தழுதழுத்தது.

அவன் பதில் சொல்வதற்குள் குடையை மடக்கியபடி அப்பாவே வந்துவிட்டார். பின்னாலேயே செயலாளர்.

"தம்பி, உண்மையைச் சொல்லுங்க. அந்தக் கடைசிப் பந்து பேடுலயா பட்டுது? சத்தம் வேற மாதிரி கேட்டுது."

மேஜர் அவளைப் பார்த்தான். ஒரே ஒரு கணம்...

"மட்டையிலதான் சார்."

சொல்லும்போதே அவன் காது மடல்கள் சிவந்துபோயின. பொய் சொல்லிப் பழகாத காது! அவளுக்குச் சுருக்கென்றது. முன்பின் தெரியாத ஒருத்தி கேட்டாள் என்பதற்காக ஒரு பொய். அதை வாங்கி வைத்துக்கொண்டு நாளைக்கு வகுப்பில் எந்த முகத்தோடு நிற்பது?

"பேடுலதான்ப்பா பட்டுச்சு. நானும் பாத்தேன். தெரிஞ்சேதான் நூறுன்னு எழுதினேன்."

செயலாளர் தொண்டையைக் கனைத்தார். அப்பா அவர் பக்கம் திரும்பவே இல்லை. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு சிரித்தார்.

"எனக்குக் கண்ணு மங்கினது எனக்குத் தெரியாதாம்மா? அதனாலதானே இன்னியோட நிறுத்தறேன். திருத்து. ஒரு ரன்னைத் தப்பா விட்டுட்டு வந்தா எனக்குத் தூக்கம் வராது."

அழித்து எழுதினாள். தொண்ணூற்றொன்பது.

அப்பா செயலாளரையும் இழுத்துக்கொண்டு டீ குடிக்கப் போனார்.

"ஏன் பொய் சொன்னீங்க?"

"பனி மலையில தோட்டாப் பெட்டியை ஸ்டம்பா வெச்சு எத்தனையோ நூறு அடிச்சாச்சு டீச்சர். பந்து பனியில புதைஞ்சா சிக்ஸர்! இன்னொரு நூறு பெரிசில்ல... நீங்க அழுதுடுவீங்களோன்னுதான் பயம்."

"மேஜருக்குப் பயமா?"

"பயங்கரமா."

அவள் சிரித்துவிட்டாள். அவன் சிரிக்கவில்லை.

"வியாழக்கிழமை மறுபடி மலைக்குக் கிளம்பறேன். வர ரெண்டு வருஷம் ஆகும். காத்திருங்கன்னு கேக்கணும்போல இருக்கு... ஆனா பாத்து அரை மணி நேரம்கூட ஆகல. எனக்கென்ன உரிமை இருக்கு?"

"காத்திருக்கச் சொல்லாதீங்க," என்றாள்.

அவன் முகம் வாடியது. ஐயோ, பாவம்...

"லெட்டர் போடுங்க, வாரம் ஒண்ணு. காத்திருக்கறதை நான் பாத்துக்கறேன். நீங்க நனைஞ்சுகிட்டு வந்து நின்னப்பவே எனக்குப் பிடிச்சுப்போச்சு... அந்தக் கோபத்துலதான் அப்படி வெடுக்குனு பேசினேன்!"